ஜாமீன் கிடைத்தால் தப்பித்த மாதிரியா?
பெரிய வழக்கில் யாருக்காவது ஜாமீன் கிடைத்ததும் 'தப்பிச்சிட்டான்' என்று கிளம்பிவிடுகிறார்கள். வழக்கு அப்படியேதான் இருக்கிறது. பொதுவாக நீதிபதி பார்ப்பது, ஆள் ஓடிவிடுவாரா, சாட்சியை மிரட்டுவாரா, குற்றம் எவ்வளவு கடுமையானது என்பதைத்தான். சட்டவிரோதப் பணப் பரிமாற்றத் தடுப்புச் சட்டத்தில் இன்னும் கெடுபிடி: 45-வது பிரிவுப்படி, இவர் குற்றவாளி இல்லை என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது, வெளியே போனால் குற்றம் செய்யமாட்டார் என்று நீதிமன்றத்துக்கே திருப்தி வரவேண்டும், அதுவும் விசாரணை முடியும் முன்பே! அப்படியும் இந்தச் சட்டத்தில் 2023 ஜூனில் கைதான அப்போதைய தமிழக அமைச்சர் செந்தில்பாலாஜிக்கு 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது; பணப் பரிமாற்ற வழக்குக்கு அடிப்படையான மூல வழக்குகளில் 2,000 பேருக்கு மேல் குற்றம்சாட்டப்பட்டிருக்க, விசாரணை இப்போதைக்கு முடியாது, அதுவரை ஆளை உள்ளேயே வைத்திருக்க முடியாது என்பதுதான் காரணம். சில நாளிலேயே அவர் மறுபடி அமைச்சரானார். அமைச்சராக இருந்தால் சாட்சிகள் பயப்படுவார்களே என்று நீதிமன்றம் கடுப்பாகி, பதவியா ஜாமீனா என்று கேட்க, 2025 ஏப்ரலில் ராஜினாமா. எனக்கு அந்தக் கேள்வி சரியாகத்தான் பட்டது.