அல் அஸ்ம் கேள்வி வந்தா விடாதீங்க (ரிசல்ட் வந்த சூட்டோட எழுதுறது)

அப்பாடா, ரிசல்ட் வந்துடுச்சு. எல்லாரும் பயமுறுத்தின நவீன அரபு அரசியல் சிந்தனை பேப்பர்ல தான் எனக்கு மார்க் ஜாஸ்தி. பெரிய கேள்வில சிரியாவோட தத்துவ அறிஞர் சாதிக் ஜலால் அல் அஸ்ம் வந்தாரு, அவர் தான் காப்பாத்தினாரு. ஜூனியர்ஸ் கேட்டுட்டே இருக்கீங்க, அதான் இது.

1934ல டமாஸ்கஸ், ஒட்டோமான் காலத்து பெரிய குடும்பம், அமெரிக்காவுல யேல் யுனிவர்சிட்டில தத்துவத்துல டாக்டரேட், இதெல்லாம் ரெண்டு வரில முடிங்க. வாழ்க்கை வரலாறுன்னு பக்கம் பக்கமா ஓட்டினா திருத்துறவங்க கொட்டாவி விடுவாங்க. நான் பண்ணது ஒண்ணே ஒண்ணு தான், அவர் எழுதின ஒவ்வொண்ணுக்கும் நேரா இதுல யாருக்கு கடுப்புன்னு குறிச்சு வெச்சேன். மனுஷன் ஒருத்தரையும் விட்டு வெக்கல, அதனால அத வரிசையா எழுதினாலே அவரோட சிந்தனை வந்துடும்.

- 1968 தோல்விக்குப் பின் சுயவிமர்சனம் (1967 போர்ல அரபு நாடுங்க இஸ்ரேல் கிட்ட தோத்தது பத்தி): எகிப்து அதிபர் நாசரோட ஆளுங்க
- 1969 மதச் சிந்தனை விமர்சனம்: மதத் தலைவர்கள், லெபனான் அரசு
- 1973 பாலஸ்தீன இயக்கச் சிந்தனை மேல விமர்சனம்: சொந்த தோழர்களே
- 1981 மறுப்புக் கட்டுரை: எட்வர்ட் சயீத் ('ஓரியண்டலிசம்' புத்தகம் எழுதினவர், கடைசில வருவாரு)
- 2000 சிரியால இவரும் கையெழுத்து போட்ட 99 பேர் அறிக்கை, 1963ல இருந்து நீடிச்ச அவசரநிலைய எடுக்கச் சொல்லி: அசாத் ஆட்சி

இதுல முதல் ரெண்டையும் தனித்தனியா படிக்காதீங்க. 1967 தோல்விக்கு இஸ்ரேல் மட்டும் காரணமில்ல, நம்ம சமூகமே காரணம், சோசலிசம் பேசினவங்க அடில இருந்த எதையும் மாத்தலன்னு முதல் புத்தகத்துல அடிக்கிறாரு, அதுக்கு 1904ல ஜப்பான் கிட்ட ரஷ்யா தோத்தத ஒப்பிடுறாரு. வேலைய ஒழுங்கா கத்துக்காம குறுக்கு வழில பேர் வாங்கப் பாக்குற குணத்தப் பத்தி வேற எழுதியிருக்காரு, கடைசி ராத்திரி கைடு புரட்டுற நமக்கே சுருக்குன்னு இருக்கும். மறுவருஷ புத்தகத்துல ஒரு கட்டுரை, 1968ல கெய்ரோ பக்கம் ஜைத்தூன் சர்ச்சுக்கு மேல மேரி மாதா தெரிஞ்சாங்கன்னு எகிப்துல பேப்பரெல்லாம் கொண்டாடினத எடுத்து, தோத்த ஆட்சிக்கு இந்த அதிசயம் எப்படி உதவுச்சுன்னு பிரிச்சுக் காட்டுறாரு. இத எழுதினவங்க எங்க பேட்ச்ல ரொம்ப கம்மி, கண்டிப்பா போடுங்க. இந்த புத்தகத்துக்குத் தான் 1970 ஜனவரில உள்ள போனாரு, மதச் சண்டை மூட்டினார்னு கேஸ், அதே வருஷம் கோர்ட் விட்டுடுச்சு, அடுத்த பதிப்புல வழக்கு ஆவணங்களையும் சேர்த்து அச்சடிச்சுட்டாங்க!

எங்களுக்குக் குடுத்த நோட்ஸ்ல 2011க்கு மேல ஒரு வரி கிடையாது, இன்னும் எரிச்சலா இருக்கு. அந்த வருஷம் சிரியால அசாத் ஆட்சிக்கு எதிரா வந்த மக்கள் எழுச்சிக்கு வெளிப்படையா ஆதரவு குடுத்தாரு, 2016 டிசம்பர்ல பெர்லின்ல இறந்தாரு. அத நீங்களே சேர்த்துக்கோங்க.

மனப்பாடம் நல்லா வர்றவங்களுக்கு என் வழி ஒத்துவராம போகலாம், அவங்க இஷ்டம்.

சயீதோட ஒப்பிடுகன்னு வந்தா சுத்தி வளைக்காதீங்க. மேற்கு கிழக்க மாறாத ஒண்ணா பாக்குதுன்னு சயீத் 1978ல சொன்னாரு, நீயும் மேற்க ஹோமர் காலத்துல இருந்து மாறாத ஒண்ணா தானே காட்டுறன்னு இவர் திருப்புறாரு. அதே நோய் அரபு தேசியவாதிங்களுக்கும், ஈரான் புரட்சிக்கு அப்புறம் இஸ்லாமிய அரசியல் பக்கம் சாஞ்சவங்களுக்கும் இருக்குங்கிறாரு. இவ்வளவு தான். எழுதிட்டு அடுத்த கேள்விக்கு ஓடுங்க, நேரம் சத்தியமா பத்தாது.