டெர்ப்சிடோன் மேடை: பாதத்தோடு மல்லுக்கட்டு

தொடாமல் காற்றில் கையசைத்து வாசிக்கும் மின்னிசைக் கருவி தெரமின். அதை முழு உடம்புக்கும் விரித்தால் டெர்ப்சிடோன். ஆடுபவரின் காலடியில் ஓர் உலோகத் தகடு. உடம்பு அசைய அசைய அதன் மின்தேக்கம் (மின்னூட்டத்தைத் தாங்கும் அளவு) மாறும், கூடவே சுருதியும். லியோன் தெரமின் செய்த இந்த மேடையை 1932இல் நியூயார்க் கார்னகி ஹாலில் இயக்கிக் காட்டியவர் தெரமின் கலைஞர் கிளாரா ராக்மோர். அதன் சின்ன வடிவம்தான் இது.

ஒரு மீட்டர் சதுர அட்டையில் ஒட்டிய அலுமினியத் தாள்தான் தகடு. 10 செ.மீ. கீழே தரையில் அதே அளவு இன்னொரு தாள். அதைச் சர்க்யூட் கிரவுண்டோடு சேர்த்து எர்த் செய்ய வேண்டும். வயரையும் சேர்த்து மின்தேக்கம் 130 பிகோஃபாரட் போல வரும். 1 மில்லிஹென்றி காயிலுடன் ஆசிலேட்டர் (மின் அலைகளை உண்டாக்கும் சர்க்யூட்) 440 கிலோஹெர்ட்ஸில் ஓடும். அதை ஒட்டிய அதிர்வெண்ணில் மாறாமல் ஓடும் நிலையான ஆசிலேட்டர் இன்னொன்று. இரண்டுக்கும் உள்ள வித்தியாசமே காதில் விழுவது.

முதலில் தகட்டின் மேல் நேராக 12 மி.மீ. பிளைவுட். அங்கேதான் வம்பு. ஒரு பாதத்துக்கே 20 பிகோஃபாரட்டுக்கு மேல். ஒரு காலைத் தூக்கினால் அதிர்வெண் ஏறக்குறைய 20 கிலோஹெர்ட்ஸ் நகரும். சத்தம் கீச்சென்று ஏறி, அடுத்த நொடி காணாமல் போகும். கையசைவு எதுவும் எடுபடாது.

பிளைவுட்டுக்கும் தகட்டுக்கும் நடுவே 5 செ.மீ. தெர்மோகோல் வைத்ததும் பாதத்தின் பங்கு இரண்டரை பிகோஃபாரட்டுக்கும் கீழே இறங்கியது. அதுவும் போதாது. தகட்டுக்கு இணையாக 470 பிகோஃபாரட் மைக்கா கெப்பாசிட்டர் போட்டால் ஆசிலேட்டர் 205 கிலோஹெர்ட்ஸுக்கு வரும். 1 பிகோஃபாரட்டுக்கு 170 ஹெர்ட்ஸ்தான் நகர்வு. இப்போது கால் தூக்கினால் சுமார் 370 ஹெர்ட்ஸ். பாட்டுக்குள் அடங்கும் அளவு. சாதாரண டிஸ்க் செராமிக் மட்டும் வேண்டாம். அறை சூடேறச் சூடேற சுருதி ஓடிக்கொண்டே இருக்கும்.

நிலையான ஆசிலேட்டரைச் சற்றுக் குறைந்த அதிர்வெண்ணில் வைத்தால் உட்காரும்போது சுருதி இறங்கும், எழும்போது ஏறும். ரொம்பத் தாழ உட்கார்ந்தால் பூஜ்யத்தைத் தாண்டி மறுபடி ஏறத் தொடங்கும். பூஜ்யத்துக்குப் பக்கத்தில் இரண்டும் ஒட்டிக்கொண்டு ஊமையானால், இரண்டுக்கும் மின்சாரம் ஒரே வழியில் போய், ஒன்றை ஒன்று இழுக்கிறது என்று அர்த்தம். ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே 100 ஓம் ரெசிஸ்டரும் 100 மைக்ரோஃபாரட் கெப்பாசிட்டரும் போட்டு, நிலையானதைத் தகர டப்பாவுக்குள் மூடினால் அந்த ஒட்டல் விடும்.

சத்த அளவுக்கு ஒரு வால்யூம் பெடல். அதை மிதிப்பவர் மேடையிலிருந்து இரண்டு மீட்டராவது தள்ளி நிற்கட்டும். இல்லையென்றால் அவரும் சேர்ந்து வாசிப்பார்.