பேர் கூப்பிடும் நேரம்

ஒன்றாம் வகுப்பில் எனக்குக் கஷ்டமாகப் படுவது பாடம் நடத்துவது இல்லை, காலையில் வருகைப் பதிவேடு எடுப்பதுதான். ஒற்றை அறைக் குடித்தனங்கள் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும் பகுதி எங்களுடையது. பேர் கூப்பிட ஆரம்பிக்கும்போது பாதிப் பிள்ளைகள் இருக்க மாட்டார்கள். முடிக்கும்போது ஒவ்வொருவராக வாசலில் வந்து நிற்பார்கள்.

அதில் ஒருத்தி தினமும் அரைமணி நேரம் தாமதம். ஒரு மாதம் விடாமல் திட்டினேன். அப்புறம் ஒரு நாள் அவள் அம்மா வந்தபோதுதான் விஷயம் தெரிந்தது. அவர் விடிவதற்கு முன்பே வேலைக்குக் கிளம்பிவிடுவார். தம்பியை எழுப்பி, முகம் கழுவி, தலை வாரிவிடுவது இவள் பொறுப்பு. பக்கத்து வீட்டு அக்கா கதவைத் திறந்து அவனை வாங்கிக்கொண்டால்தான் இவள் பள்ளிக்குப் புறப்பட முடியும். அந்த அக்கா எழுந்திருக்கும் நேரத்துக்காக ஆறு வயதுப் பிள்ளை என்னிடம் திட்டு வாங்கிக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை பதில் சொன்னதில்லை.

இன்னொரு பையன் உட்கார்ந்திருப்பான், ஆனால் பேர் கூப்பிட்டால் பேச மாட்டான். திமிர் என்றுதான் நினைத்தேன். சில நாள் சட்டென்று பதில் சொல்லிவிடுவதால் சந்தேகம் இன்னும் கூடியது. மருத்துவரிடம் காட்டியபோது, அடிக்கடி சளி பிடித்து நடுக்காதில் நீர் கோத்திருக்கிறது என்றார். இந்த வயதில் இது சகஜமாம். கேட்கும் திறன் நாளுக்கு நாள் ஏறி இறங்குமாம். அவனை முதல் வரிசைக்கு மாற்றினேன்.

வீட்டுப்பாடம் கொடுப்பதையும் நிறுத்திவிட்டேன். உட்கார இடமில்லாத வீட்டில் எங்கே எழுதுவது? கொடுத்த பென்சிலும் திரும்பி வருவதில்லை, வீட்டில் அண்ணனுக்குத் தேவைப்படும். எழுதுவதெல்லாம் வகுப்பிலேயே. இதில் தலைமை ஆசிரியருக்கு வருத்தம்தான்.

அந்தத் தம்பி இப்போது எங்கள் வகுப்பில்தான் இருக்கிறான். "அவனையும் கூட்டிக்கொண்டு வா" என்று சொல்லிவிட்டேன். விதிப்படி தப்புதான். தலைமை ஆசிரியர் கண்டும் காணாததுபோல் போகிறார். அவன் பேர் பதிவேட்டில் கிடையாது. அதனாலோ என்னவோ, யார் பேரைக் கூப்பிட்டாலும் முந்திக்கொண்டு "உள்ளேன் டீச்சர்" என்கிறான். இரண்டு நாள், வராத பிள்ளைகளுக்கெல்லாம் வருகை போட்டுவிட்டேன். இப்போது ஒவ்வொரு பேருக்கும் தலையை நிமிர்த்தி, முகத்தைப் பார்த்துவிட்டுத்தான் குறிக்கிறேன்.