சத்தத்தை அணைத்துவிட்டு

பழைய படச்சுருள்களை ஸ்கேன் செய்து, ஒவ்வொரு ஷாட்டிலும் என்ன இருக்கிறது என்று எழுதிவைப்பது என் வேலை. டப்பாவைத் திறந்ததும் வினிகர் நெடி அடித்தால் அந்தச் சுருளுக்கு ஆயுள் குறைவு. வரிசையில் அதற்குத்தான் முதலிடம்.

அப்படி முந்திக்கொண்டு வந்தவைதான் இரண்டாம் உலகப் போர்க்கால 16 மி.மீ. பயணப் படங்கள். 1940-இல் அமெரிக்க அரசு நெல்சன் ராக்ஃபெல்லரின் கீழ் ஓர் அலுவலகம் திறந்தது. லத்தீன் அமெரிக்கா ஜெர்மனி பக்கம் சாய்ந்துவிடுமோ என்ற கவலை. அந்த நாடுகளின் அன்றாட வாழ்க்கையை அமெரிக்கர்களுக்குக் காட்டும் படங்களும் அங்கிருந்து வந்தன. 1939-இல் முற்றுகைக்குள் இருந்த வார்சாவைப் படமெடுத்த ஜூலியன் பிரையனும் இதற்காகத் தென் அமெரிக்கா போனார்.

ஆரம்பத்தில் பின்னணிக் குரலைக் கேட்டபடியே குறிப்பு எழுதினேன். பெரிய தப்பு. அந்தக் கேமராக்களில் பலவும் சாவி முறுக்கி ஓட்டுபவை. ஒரு முறுக்குக்கு அரை நிமிடம் ஓடினால் அதிகம். குரலும் இசையும் பிறகு ஸ்டுடியோவில் சேர்த்தவை. குரல் 'மகிழ்ச்சியான உழவர்' என்றது, நானும் அப்படியே எழுதினேன். திரையில் அந்த மனிதர் வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, கேமராக்காரர் எப்போது நகர்வார் என்று நிற்கிறார். அன்றிலிருந்து முதல் தடவை சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் பார்ப்பது.

ஒரு நாள் அமேசான் ரப்பர் சுருள். ஒருவர் மரத்தைக் கீறுகிறார், பால் கிண்ணத்தில் சொட்டுகிறது, அதைப் புகையில் காட்டி உருண்டை பிடிக்கிறார். கூட வேலை பார்க்கும் மலேசிய அக்கா எட்டிப் பார்த்தார். அவருடைய பாட்டி மலாயாத் தோட்டத்தில் பால் மரம் வெட்டியவர், அதாவது ரப்பர் மரத்தைக் கீறிப் பால் எடுத்தவர்.

"என்னப்பா, நிரையே இல்ல? மரத்துக்கு மரம் இவ்வளவு நடந்தா எப்போ வெட்டி முடிக்கிறது?"

காட்டில் தானாக முளைத்த மரங்கள், தோட்டத்தைப் போல வரிசையாக நட்ட நிரை எங்கே இருக்கும்? 1942-இல் மலாயா ஜப்பானிடம் விழுந்ததால்தான் அமெரிக்கா பிரேசில் ரப்பரைத் தேடிப் போனது. வறண்ட வடகிழக்கிலிருந்து 50,000 பேருக்கு மேல் அமேசானுக்கு அனுப்பப்பட்டார்கள். பலர் திரும்பவே இல்லை. சத்தத்தை வைத்துக் கேட்டோம். குரல் டயரைப் பற்றியே பேசியது.

அதே போரில் பாட்டியின் அண்ணனை ஜப்பானியர்கள் சயாம் (இன்றைய தாய்லாந்து) ரயில்பாதை வேலைக்குப் பிடித்துப் போனார்களாம். அப்புறம் சுருளைப் பின்னால் ஓட்டச் சொன்னார். கத்தி பிடித்த கையை இன்னொரு தடவை பார்க்க வேண்டுமாம்.