கொட்டியாரக் குடாவில் ஒரு வெள்ளைத் தட்டு

மாரியில் மகாவலி வெள்ளம் இறங்கினால் திருகோணமலையின் கொட்டியாரக் குடாவின் தண்ணீர் மூதூர்ப் பக்கம் பால்தேத்தண்ணி நிறத்துக்கு வந்துவிடும். "போன வருசத்தைவிட இந்த முறை கலங்கல் கூட" என்று கரையில் எல்லோரும் சொல்வார்கள். எவ்வளவு கூட என்று சொல்ல ஒரு வெள்ளைத் தட்டும் கயிறும் போதும்: தட்டைத் தண்ணீருக்குள் இறக்கி, அது கண்ணுக்கு மறையும் ஆழத்தை அளக்க வேண்டும். இத்தாலியப் பாதிரியாரும் வானியலாளருமான ஆஞ்சலோ செக்கி 1865 இல் மத்தியதரைக் கடலில் சோதித்த முறை இது. இன்றும் கடலாய்வில் பயன்படுகிறது.

30 சென்டிமீட்டர் விட்டத்தில் அலுமினியத் தகடு வெட்டுங்கள். பலகை வேண்டாம்; மிதக்கும், ஊறினால் வளையும். மினுக்கமில்லாத வெள்ளைப் பெயின்ற் அடித்து, நடுவில் துருப்பிடிக்காத போல்ட் போட்டு, கீழே 2 கிலோ ஈயக்குண்டு கட்டுங்கள். தட்டு சரிந்து தொங்கினால் சீக்கிரமே மறைந்து அளவு குறைவாக வரும்.

பிழை அதிகம் வருவது கயிற்றில்தான். நைலோன் கயிறு நனைந்தால் இழுபடும், பொலியெஸ்டர் பரவாயில்லை. எதுவானாலும் ஓர் இரவு ஊறவைத்து, குண்டோடு தொங்கவிட்டு, ஈரத்தோடேயே அடையாளம் போடுங்கள். தட்டின் மேற்பரப்பிலிருந்து அளக்க வேண்டும், முடிச்சிலிருந்து அல்ல. அரை மீட்டருக்குக் கறுப்பு நூல், 5 மீட்டருக்குச் சிவப்பு நூல் இறுக்கிச் சுற்றினால் போதும்.

காலை 10 மணிக்கும் பிற்பகல் 2 மணிக்கும் இடையில், கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, வள்ளத்தின் நிழல் விழும் பக்கம் மெதுவாக இறக்குங்கள். மறைவதற்குச் சற்று முன் தட்டின் விளிம்பு கரைந்து, பச்சையாய் ஒரு மங்கல் மட்டும் நடுங்கிக்கொண்டு நிற்கும். அதுவும் தெரிவதாகவே கணக்கு. முற்றாக மறையும் இடத்தில், தண்ணீர் மட்டத்தில் கயிற்றைப் பிடியுங்கள். இன்னும் ஒரு மீட்டர் விட்டு, பிறகு இழுத்து, திரும்பத் தெரியும் இடத்தையும் பிடியுங்கள். இரண்டின் சராசரிதான் அளவு.

நீரோட்டம் கயிற்றை 30 பாகை சரித்தால், 10 மீட்டர் கயிறு போயும் உண்மை ஆழம் 8.7 மீட்டர்தான். கணக்கில் திருத்துவதைவிட இன்னொரு குண்டு கட்டுவது மேல். தட்டு தரையைத் தொட்ட பிறகும் தெரிந்தால் அது தெளிவின் அளவு அல்ல. "தரை தெரிந்தது, ஆழம் இவ்வளவு" என்று எழுதுங்கள். நிலாவெளிக் கரைக்கு அப்பால் உள்ள புறாத்தீவைச் சுற்றி ஆழம் குறைந்த இடங்களில் இப்படி வரும். அது 2003 முதல் தேசிய பூங்கா. அனுமதியோடு போங்கள், குண்டு பவளத்தில் படவே கூடாது.

தட்டு மறையும் ஆழத்தைப் போல இரண்டரை, மூன்று மடங்கு வரை பாசி வாழப் போதிய வெளிச்சம் இறங்கும் என்பது பொதுக் கணக்கு. பவளத்துக்குள் குடியிருக்கும் நுண்பாசி அந்த வெளிச்சத்தில்தான் உணவு செய்கிறது. பவளத்தின் சாப்பாட்டில் பெரும்பங்கு அதுவே. கலங்கல் வாரக்கணக்கில் நின்றால் கவலைப்பட வேண்டியது இதற்காகத்தான். கலக்கியது வண்டலா பாசியா என்று தட்டு சொல்லாது. ஆகவே தண்ணீரின் நிறம், காற்று, மேகம், கடைசியாக மழை பெய்த நாள் எல்லாவற்றையும் குறித்து வையுங்கள்.

முடிந்தவரை ஒரே ஆளே பார்க்கட்டும். கண் மாறினால் அளவும் மாறும். வாடைக்காற்று பலமாய் அடிக்கும் நாளில் வள்ளம் இறக்க வேண்டாம். ஆபத்து ஒருபுறம் இருக்க, அலை ஏறும்போது ஓர் அளவும் இறங்கும்போது இன்னோர் அளவும் வரும்.