நேரம் மீதி இருந்தது

நேரம் முடிந்திருந்தால் இதை எழுத வேண்டிய தேவையே வந்திருக்காது. இங்கிலாந்தில் ஒன்பது வயதைக் கடந்த பிள்ளை படப்பிடிப்புத் தளத்தில் ஒரு நாளில் 9½ மணி நேரம்தான் இருக்கலாம். அதற்குள் நடிப்பும் ஒத்திகையும் சேர்த்து 5 மணி நேரம், இடைவேளை இல்லாமல் ஒரே மூச்சில் என்றால் 2½ மணி நேரம். கணக்கு முடிந்ததும் ஷாப்பரோன், அதாவது தளத்தில் பிள்ளையைப் பார்த்துக்கொள்ளும் என்னைப் போன்ற ஆள், கையை உயர்த்தினால் போதும், பிள்ளை வீட்டுக்குப் போய்விடும். யாருக்கும் யார்மேலும் கோபம் வராது. அன்றைக்கு என் கையில் இருந்த தாளில் முக்கால் மணி நேரத்துக்கு மேல் மீதி இருந்தது. அப்படியிருந்தும் போதும் என்று சொன்னேன்.

தொடரின் பெயர் இங்கே வேண்டாம். வாரத்துக்குப் பல தடவை ஒளிபரப்பாகும் சோப் தொடர்களில் ஒன்று. என் பொறுப்பில் இருந்த பெடியன் நடித்த பாத்திரத்தின் தாய் அதில் இறந்துவிடுகிறாள். செய்தியைச் சமையலறையில் வைத்துப் பெரியம்மா சொல்கிறாள். வழக்கமாக ஸ்டூடியோவில் மூன்று நான்கு கமராக்கள் ஒரே நேரத்தில் ஓடும், காட்சியும் விரைவில் முடியும். அன்று வெளியே ஒரு வீட்டில் எடுத்தார்கள். இடம் குறுகல் என்பதால் ஒற்றைக் கமரா. முதலில் பெரியம்மாவின் முகம், அப்புறம் தூரத்திலிருந்து இருவரும், கடைசியாக அவன் முகம். நடிப்பவர்களுக்கு இந்த வரிசை எவ்வளவு கொடுமை என்பது தளத்தில் நின்றவர்களுக்குத் தெரியும். தன் முகம் பதிவாகாத ஷாட்களிலேயே அவன் தன்னிடம் இருந்த முழுவதையும் கொட்டிவிட்டான்.

ஒப்பனைக்காரப் பெண் மென்தோல் குச்சியைக் கொண்டுவந்தாள். கண்ணுக்குக் கீழே மெல்லத் தடவினால் ஒரு நிமிடத்தில் கண்ணீர் வந்துவிடும், பெரிய நடிகர்களே பயன்படுத்துவது. அவன் வேண்டாம் என்று தலையாட்டினான். மதியச் சாப்பாட்டின்போது என்னிடம் ஒன்று சொல்லியிருந்தான். அந்த மாரிகாலத்தில் அவனுடைய சொந்த அம்மம்மா இறந்துபோயிருந்தார். வசனத்தைக் கேட்கும்போது அவரைத்தான் நினைத்துக்கொள்ளப் போகிறேன் என்றான். வகுப்பில் வாய்ப்பாடு சொல்லுகிற பிள்ளையைப்போல அவ்வளவு சாதாரணமாகச் சொன்னான்.

தூரத்து ஷாட்டை இரண்டாவது தடவை எடுத்து முடித்து 'கட்' சொன்ன பிறகும் அவன் அழுகை நிற்கவில்லை. ஸ்வெட்டரின் கைநுனியில் பிரிந்திருந்த நூலை விரலில் சுற்றி இழுத்துக்கொண்டே இருந்தான். விரல்நுனி வெளுத்திருந்தது. மூச்சு துண்டுதுண்டாக வந்தது. தளத்தில் எல்லாரும் அமைதியாக இருந்தார்கள். அது மரியாதையான அமைதி. அற்புதமான ஒன்று நடக்கிறது என்று எல்லாருக்கும் விளங்கியிருந்தது. அதுதான் என்னைப் பயப்படுத்தியது.

முதலாம் உதவி இயக்குநர் என்னிடம் வந்து கேட்டார்: "குளோசப் ஒன்றுதான் பாக்கி. உங்கள் கணக்கில் நேரம் இருக்கிறதுதானே?"

"நேரம் இருக்கிறது. பிள்ளைக்குப் போதும்."

அவர் இயக்குநரைப் பார்த்தார். இயக்குநர் நல்ல மனிதர், அதை அழுத்திச் சொல்ல வேண்டும். வந்து முழந்தாளிட்டு, பெடியனின் முகத்துக்கு நேரே தன் முகத்தை வைத்து, மெதுவாகக் கேட்டார்: "இன்னும் ஒரு தடவை உன்னால் முடியுமா? முடியாது என்றால் ஒரு பிரச்சினையும் இல்லை."

"முடியும்" என்றான்.

"இல்லை, இன்றைக்கு இவ்வளவுதான்" என்றேன் நான்.

அவ்வளவுதான் நடந்தது. சத்தம் இல்லை, சண்டை இல்லை. விளக்குகளை அணைத்தார்கள். வீட்டுக்குப் போகும் காரில் வெகுநேரம் வெளியே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, என் பக்கம் திரும்பாமலே சொன்னான்: "மிஸ், அவர் கேட்டது என்னிடம். பதில் சொன்னது நீங்கள்."

இந்த வேலையில் இருப்பவர்களிடம் இதைச் சொன்னால், சரியாகத்தான் செய்தாய் என்பார்கள். நானும் அப்படித்தான் எனக்குச் சொல்லிக்கொள்கிறேன். உள்ளூராட்சிக் கவுன்சில் எங்களுக்கு அனுமதி தருவது கடிகாரம் பார்க்க மட்டும் அல்ல. தாய் தகப்பன் இல்லாத இடத்தில் அவர்களுடைய பொறுப்பு நமக்கு. பிள்ளை களைத்தாலோ கலங்கினாலோ, நேரம் இருந்தாலும் நிறுத்தலாம், நிறுத்த வேண்டும். பிள்ளைகள் நடிப்பது பற்றி 1968இல் வந்த விதிகளை மாற்றி 2015 பெப்ரவரியில் நடைமுறைக்கு வந்த புதிய விதிகளும் பிள்ளையின் நலனைத்தான் முன்னால் வைக்கின்றன. தவிர, அத்தனை பெரியவர்கள் சுற்றி நிற்க, தான் மதிக்கும் இயக்குநர் முழந்தாளிட்டுக் கேட்கும்போது, எந்தப் பிள்ளை முடியாது என்று சொல்லும்? அந்த 'முடியும்' ஒரு சம்மதமா என்ன?

சரி. ஆனால் அதே கேள்வியை மறுபக்கம் திருப்பினால் என்னிடம் பதில் இல்லை. அவனுடைய 'முடியும்' செல்லாது என்றால், அந்தத் தொடரில் நடிக்க அவன் முதன்முதலில் சொன்ன சம்மதமும் செல்லாதுதானே? அதைச் செல்லும் என்று ஏற்றுத்தானே கவுன்சில் அவன் நடிக்க உரிமம் கொடுத்தது, நானும் சம்பளம் வாங்கினேன்?

அவன் நடிப்புக்கு வந்த வழி இந்த நாட்டில் பலர் வந்த வழிதான். சனிக்கிழமை நாடக வகுப்பு, அங்கே நடிகர் தேட வந்த ஒரு பெண், ஒரு நடிப்புப் பட்டறை, இன்னொரு பட்டறை, பிறகு ஒரு நாள் தொலைபேசி. லண்டனில் இந்தப் பாதையைத் திறந்துவிட்டவர்களில் முக்கியமானவர் ஆனா ஷெர். 1968இல் இஸ்லிங்டனில் ஒரு பள்ளியில் நாடக வகுப்பைத் தொடங்கினார். தொழிலாளர் குடும்பத்துப் பிள்ளைகள் தங்கள் வீட்டுப் பேச்சிலேயே, காட்சிகளைத் தாங்களாகக் கட்டி நடிக்க விட்டார். 1985இல் பிபிசியின் ஈஸ்ட்எண்டர்ஸ் சோப் தொடர் தொடங்கியபோது அதன் முதல் நடிகர்களில் கிலியன் டெயில்ஃபோர்த்தும் சூசன் டல்லியும் அவருடைய வகுப்பிலிருந்து வந்தவர்கள். 2023இல் ஆனா ஷெர் இறந்த செய்தியைப் படித்தபோது எனக்கு இந்தப் பெடியன்தான் நினைவுக்கு வந்தான். அவன் அந்த வகுப்பில் படித்தவன் இல்லை. ஆனால் அவர் வெட்டிய வாய்க்காலில்தான் அவனும் வந்தான்.

சோப் தொடருக்கு இப்படிப்பட்ட பிள்ளைகள் தேவை. கதை நடக்கும் தெருவின் பிள்ளைகள் பார்வையாளர்களின் கண்முன்னே வளர வேண்டும். ஆடம் வுட்யாட் ஈஸ்ட்எண்டர்ஸின் முதல் அத்தியாயத்தில் இயன் பீலாக வந்தபோது அவருக்கு 16 வயது. அதற்கு முன் இறைச்சிக் கடையில் வேலை பழகிக்கொண்டிருந்தவர். 2013இல் பிரிட்டிஷ் சோப் விருதுகளில் வாழ்நாள் சாதனைக்கான விருது அவருக்குக் கொடுத்தார்கள். கொரோனேஷன் ஸ்ட்ரீட் என்ற இன்னொரு சோப் தொடரில் ஜாக் பி. ஷெப்பர்ட் 2000இல் டேவிட் பிளாட்டாக வந்தபோது வயது 12. இன்னும் அதே பாத்திரம். நட்டாலி காசிடி 1993இல் பத்து வயதில் ஈஸ்ட்எண்டர்ஸில் சோனியாவாக வந்து, 2007இல் போய், 2014இல் திரும்பி வந்தார். அந்தப் பாத்திரத்துக்கு வெளியே அவர்களுடைய இளமை எங்கே இருந்தது என்று நான் அடிக்கடி யோசிப்பதுண்டு. அவர்கள் குறைப்பட்டுக்கொள்ளாத விஷயத்துக்கு நான் ஏன் கவலைப்பட வேண்டும் என்றும் தோன்றும்.

நடிகை டேனியல் ஹெரால்டின் கதை என்னை இன்னும் அதிகமாகக் குழப்புகிறது. சமையல் கலைஞர் ஜேமி ஆலிவர் 2011இல் சேனல் 4இல் ஒரு பள்ளி நடத்திக் காட்டினாரே, படிப்பில் பின்தங்கிய பிள்ளைகளைச் சேர்த்து, அதில் ஒரு மாணவியாக வந்தவர் அவர். அதே ஆண்டு ஈஸ்ட்எண்டர்ஸில் லோலா ஆனார். 2015இல் வெளியேறி 2019இல் திரும்பினார். பிறகு லோலாவுக்கு மூளைக் கட்டி வந்து, 2023இல் இறந்துபோகிற கதையை மாதக்கணக்கில் நடித்தார். அந்த ஆண்டு தேசியத் தொலைக்காட்சி விருதுகளில் சோப் நடிப்புக்கான விருது அவருக்குத்தான். அந்த அத்தியாயங்களைப் பார்க்கும்போது நான் அவருடைய நடிப்பைப் பார்க்கவில்லை. 'கட்' சொன்ன பிறகு அவர் பக்கத்தில் யார் நின்றார்கள் என்றே யோசித்துக்கொண்டிருந்தேன். அவர் வயதுவந்தவர். எவ்வளவு தூரம் போகலாம் என்பதை அவரே முடிவு செய்திருப்பார். அந்த ஆழத்துக்குப் போய்த்தான் அந்த நடிப்பைக் கொண்டுவந்தார். என் பெடியனும் அன்று போன இடம் அதுதான். அவனுக்கு வயது போதவில்லை, அவ்வளவே.

காட்சி ஒளிபரப்பானபோது பெரியம்மாவின் முகத்திலேயே நின்றது. அவனுடைய தலையின் பின்புறமும், தூரத்தில் குலுங்கும் தோள்களும் மட்டும். பார்த்தவர்களுக்கு நன்றாகத்தான் இருந்தது. அந்த நடிகையைப் புகழ்ந்தார்கள், புகழுக்குத் தகுதியானவர்தான். அதற்குப் பிறகு அவனுடைய கதை மெல்ல மெலிந்தது. அதற்கும் என் முடிவுக்கும் தொடர்பு உண்டு என்று ஒருவரும் சொன்னதில்லை. எழுத்தாளர்கள் மாறினார்கள், தயாரிப்பாளர் மாறினார், தொடர்களில் அது எப்போதும் நடப்பது. பதினாறு வயதாகும் கல்வியாண்டின் ஜூன் மாதக் கடைசி வெள்ளியோடு கட்டாயப் பள்ளி வயது முடிகிறது. அத்தோடு உரிமமும் இல்லை, ஷாப்பரோனும் இல்லை. அதன் பிறகு அவனை நான் தளத்தில் பார்க்கவில்லை. சில காலம் கழித்து, பெட்டியைத் தூக்கிக்கொண்டு டாக்சியில் ஏறிப்போகும் காட்சியோடு அவன் பாத்திரம் முடிந்தது.

பல ஆண்டுகள் கழித்து அவனைச் சந்தித்தேன். நடிகர் தேர்வு ஒன்றுக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போயிருந்தேன். சனிக்கிழமை நாடக வகுப்பு நடத்தும் ஆசிரியனாக அவனும் தன் பிள்ளைகளோடு வந்திருந்தான். தாடி வைத்திருந்தான். பாண்டமைம் எனப்படும் கிறிஸ்துமஸ் மேடை நாடகம், ஒரு மருத்துவமனைத் தொடரில் ஒரே ஒரு அத்தியாயம், இடையிடையே வேன் ஓட்டும் வேலை என்று சொன்னான். பஸ்ஸில் இன்னும் சிலர் பாத்திரத்தின் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்களாம். அதைச் சந்தோஷமாகத்தான் சொன்னான். தன் மாணவர்களிடம் என்னைக் காட்டி, "எனக்காக வேண்டாம் என்று சொன்ன ஒரே ஆள் இவர்தான்" என்றான். என் நெஞ்சு நிறைந்தது.

அப்புறம் தேநீர் குடித்துக்கொண்டிருக்கும்போது, தொடரை விட்ட பிறகு ஏஜென்ட் ஷோரீல், அதாவது நடித்த காட்சிகளின் தொகுப்பு, கேட்ட கதையைச் சொன்னான். நடிகனுக்கு அதுதான் விண்ணப்பம். முதல் அரை நிமிடத்தில் முகம் பேச வேண்டும், இல்லையென்றால் நடிகர் தேடுபவர் அடுத்ததுக்குப் போய்விடுவார். அத்தனை அத்தியாயங்களிலும் தேடிப் பார்த்தானாம். கதவைத் திறப்பான், சாப்பாட்டு மேசையில் பதில் சொல்வான், யாரோ கத்தும்போது பின்னால் நிற்பான். "அந்தச் சமையலறை குளோசப் மட்டும் இருந்திருந்தால் அதைத்தான் முதலில் வைத்திருப்பேன் மிஸ்." குற்றம் சொல்லும் குரல் அல்ல. விவரம் சொல்லும் குரல். அதனால் என்னால் பதிலுக்கு ஒன்றும் சொல்ல முடியவில்லை.

இரண்டையும் ஒரே மணி நேரத்துக்குள் அதே மனிதன் சொன்னான். எதை எடுத்துக்கொள்வது? நன்றியை மட்டும் எடுத்துக்கொள்ள எனக்கு ஆசைதான். ஆனால் நன்றி சொன்னவன் மாணவர்கள் முன்னால் நின்ற ஆசிரியன். ஷோரீலைப் பற்றிச் சொன்னவன் வேலை தேடி அலைந்த நடிகன். இரண்டாமவனுக்கும் நான் பொறுப்பா? உரிமத்தில் அவனைப் பற்றி ஒரு வரியும் இல்லை. பிள்ளையின் இன்றைய நலனைத்தான் என்னிடம் ஒப்படைத்தார்கள். அவன் நாளையை யாரிடமும் ஒப்படைக்கவில்லை.

இதற்கு நடுவில் இன்னொன்றும் நடந்தது. அதைச் சேர்க்காவிட்டால் இந்தக் கணக்கு நேர்மையாக இருக்காது. வேறொரு தொடரில், ஏறத்தாழ அவன் வயதுடைய ஒரு பெண்பிள்ளை, அதேபோல ஒரு சாவுக் காட்சி. அவளும் அழுதாள், அவளிடமும் கேட்டார்கள், அவளும் முடியும் என்றாள். அன்று நான் தடுக்கவில்லை. எடுத்து முடிந்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு, தளத்தில் பாடம் படிக்கும் அறைக்கு வந்து, விட்ட இடத்திலிருந்து சமன்பாட்டைப் போடத் தொடங்கிவிட்டாள். அந்தப் பிள்ளையின் கண்ணீர் தொழில். பெடியனின் கண்ணீர் அவன் அம்மம்மாவுக்கானது. அந்த வித்தியாசத்தைப் பார்த்துத்தான் விட்டேன் என்று சொல்லிக்கொள்கிறேன். ஆனால் அவள் வீட்டில் அந்த ஆண்டு யார் இறந்தார்கள் என்று எனக்குத் தெரியாது. அவன் தானாகச் சொன்னான். அவள் சொல்லவில்லை. சொன்ன பிள்ளைக்கு வாய்ப்புப் போனது, சொல்லாத பிள்ளைக்குக் கிடைத்தது. அப்படியும் இதைப் பார்க்கலாம்.

இப்போது காட்சித் தாள் கைக்கு வந்ததும் இயக்குநரிடம் முதலிலேயே போய்விடுகிறேன். பிள்ளையின் முகத்தை முதலில் எடுங்கள், பெரியவர்களை அப்புறம் வைத்துக்கொள்ளுங்கள் என்று கேட்கிறேன். சிலர் உடனே ஒத்துக்கொள்வார்கள். சிலர் வெளிச்சம், கமரா நகர்த்தும் நேரம் என்று காரணம் சொல்வார்கள், அந்தக் காரணங்கள் பொய்யும் இல்லை. அன்று இதைக் கேட்டிருந்தால் எல்லாம் வேறு மாதிரி ஆகியிருக்குமா என்பது தெரியாது. அந்த வரிசையைப் போட்டது நான் அல்ல.

போன மாதம் புதிதாக ஷாப்பரோன் வேலைக்கு வந்த ஒரு பெண்ணுக்கு இந்தக் கதையைச் சொன்னேன். முழுவதையும் கேட்டுவிட்டு, "அப்படியென்றால் அக்கா, நேரம் மீதி இருந்து, பிள்ளையும் முடியும் என்று சொன்னால் நான் என்ன செய்ய?" என்று கேட்டாள்.

பிள்ளையின் முகத்தைப் பார்த்துச் செய் என்றேன்.

"நீங்களும் அதைத்தானே செய்தீர்கள்?"

ஓம் என்றேன். இன்னும் ஏதாவது சொல்வேன் என்று அவள் காத்திருந்தாள்.