எங்க இருந்து சொல்லணும் தம்பி?

“ஒன் மோர் போகலாமாக்கா?” என்று நான் கேட்டதற்கு அந்த அக்கா கேட்டது இது. 2018. கழிவுநீர்த் தொட்டிக்குள் இறங்கி இறந்தவர்களின் வீடுகளை ஆவணப்படத்துக்காக எடுத்துக்கொண்டிருந்தேன். அவர் குரலில் அழுகை இல்லை. போலீஸ், வக்கீல், பத்திரிகைக்காரர்கள், உண்மையறியும் குழு என எல்லோருக்கும் சொல்லிப் பழகிய குரல். முந்தானையில் குத்தியிருந்த மைக்கைத் தானே நேராக்கிக்கொண்டார்.

மறுபடி கேட்டதற்குக் காரணம் பக்கத்து வீட்டு குக்கர் விசில். இத்தனை நாளும் அப்படித்தான் சொல்லிவந்திருக்கிறேன்.

முதல் டேக்கில் ஒன்று சொன்னார். “அன்னைக்குப் போகலைன்னுதான் சொன்னாரு. ஃபீஸ் கட்டணும், போயிட்டு வந்துடுங்கன்னு நான்தான் அனுப்பினேன்.” இரண்டாவது டேக்கில் அது இல்லை. விடச் சொன்னேனா? இல்லை. “கான்ட்ராக்டர் போன் பண்ணதுல இருந்து ஆரம்பிங்கக்கா” என்றேன், அவ்வளவுதான். சரி, அதுவும் விடச் சொன்ன மாதிரிதான்.

என் பக்கமும் நியாயம் இருக்கிறது. பாதுகாப்புச் சாதனங்கள் தராமல் ஆளைத் தொட்டிக்குள் இறக்குவதே, கையால் மலம் அள்ளும் வேலையைத் தடைசெய்யும் 2013 சட்டப்படி குற்றம். முதல் தடவைக்கே இரண்டு வருடம் வரை சிறை உண்டு. இப்படி இறந்தவர்களின் குடும்பத்துக்குப் பத்து லட்சம் கொடுக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் 2014-இலேயே தீர்ப்பளித்துவிட்டது. இவர் அப்போதும் அந்தப் பணத்துக்காக ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கிக்கொண்டிருந்தார். ‘பொண்டாட்டியே அனுப்பியிருக்கா பாருங்க’ என்று எதிர்த்தரப்பு என் படத்தையே போட்டுக் காட்டினால் என்ன செய்வது?

ஆனால் இதுவும் தோன்றுகிறது. தொட்டிக்குள் சேரும் ஹைட்ரஜன் சல்ஃபைடு வாயு முதலில் அழுகிய முட்டையாக நாறும், அளவு கூடினால் மூக்கு மரத்துப்போய் நாற்றமே தெரியாது, உள்ளே இருப்பவர் ஆபத்து தீர்ந்தது என்று நினைப்பார். இதற்குப் படத்தில் நான்கு நிமிடம் ஒதுக்கியிருக்கிறேன். வாயு மட்டுமா ஆளைக் கொல்கிறது, சாதியும் வறுமையும் சேர்ந்துதானே உள்ளே தள்ளுகின்றன என்று மேடைதோறும் பேசுகிறவன் நான். அவர் அதையே ஃபீஸ் என்று சொன்னபோது எனக்கு வேண்டாததாகிவிட்டது.

தொழிற்சங்க அலுவலக மாடியில் வேட்டியைக் கட்டித் திரையிட்டோம். மகளோடு வந்திருந்தார். முடிந்ததும் டீ கிளாஸோடு பக்கத்தில் வந்து, “அன்னைக்கு குக்கர் அடிச்சது நல்லதாப் போச்சு தம்பி” என்றார். ஃபீஸ் யாருக்கோ, அந்தப் பெண் அங்கேயே நின்றுகொண்டிருந்தாள். அப்பாடா என்று சொன்னாரா, என்னைக் குத்திக்காட்டினாரா? முகத்தைப் பார்க்காமல் தலையாட்டிவிட்டு ப்ரொஜெக்டர் வயரைச் சுருட்டப் போய்விட்டேன்.

போன மாதம் பழைய ஹார்ட் டிஸ்க்கை எடுத்து முதல் டேக்கைக் கேட்டேன். மூன்று விசில். மூன்றும், அவர் கல்யாணமாகி அந்தத் தெருவுக்கு வந்ததைச் சொல்லும்போதே அடித்து ஓய்ந்துவிடுகின்றன. ஃபீஸ் வாக்கியம் சுத்தமாகக் கேட்கிறது.